போர்வைக்குள்ளிருந்து பாஞ்சாலி சொன்னது

மின்விசிறியை என் பக்கம் திருப்ப வேண்டாம், ரைட்டர் ஐயா. நீங்களே வைத்துக்கொள்ளுங்கள். ஐம்பது வருஷமாக வெயிலில் நின்று தொண்டையை விற்றுச் சாப்பிட்டவன் நான். காற்று பட்டால்தான் எனக்கு இருமல் வரும்.

பெயர் ராஜவேலு. வயது அறுபத்தேழு. தொழில் என்ற இடத்தில் போன தடவை இதே ஸ்டேஷனில் 'கூலி' என்று எழுதினீர்கள். அன்றைக்கு இருந்த நிலையில் நான் ஒன்றும் சொல்லவில்லை. இன்று திருத்திவிடுங்கள். மோடி வித்தை. தெருவில் ஓர் ஆளைப் படுக்கவைத்துப் போர்வை போர்த்தி, கூட்டத்தில் நிற்பவர் கையில் இருப்பது என்ன என்று கேட்டுப் பதில் வாங்குகிற வித்தை. நான் கேட்பவன். படுத்திருந்து சொல்பவள் என் சம்சாரம் பாஞ்சாலி.

ஆடிக் கிருத்திகை முடிந்து இன்றோடு இருபத்தொரு நாள். கிருத்திகையன்று மதியம் ஒன்றரை மணிக்கு, மலைக்கு ஏறுகிற படிகளுக்குக் கீழே, என் ஆட்டத்தின் நடுவில் பாஞ்சாலி செத்துப்போனாள். வெயில் தாங்காமல் போனாள் என்று எழுதினீர்கள். என் மகள் ஹேமாவதி கையெழுத்துப் போட்டாள். மருமகன் அருள்முருகன் சாட்சிக் கையெழுத்துப் போட்டான். யாரும் தப்பாக எழுதவில்லை. உங்களுக்குத் தெரிந்ததை எழுதினீர்கள். எனக்குத் தெரிந்ததைச் சொல்லலாம் என்று வந்திருக்கிறேன். கொஞ்சம் நீளமாகப் போகும். பேசியே பிழைத்தவன், சுருக்கமாகச் சொல்லத் தெரியாது.

முதலில் வித்தையைச் சொல்லிவிடுகிறேன். அதில் மந்திரம் ஒரு பொட்டுக்கூடக் கிடையாது. பக்கத்தில் வைத்திருக்கும் மண்டையோடு பிளாஸ்டிக். இதையெல்லாம் வெளியே சொன்னால் என் அப்பா இருந்திருந்தால் செருப்பால் அடித்திருப்பார். பரவாயில்லை, இனிமேல் ஆட ஆள் இல்லை. பதில் முழுவதும் கேள்விக்குள்ளேயே இருக்கிறது, ஐயா. 'சட்டுனு சொல்லு' என்று கேட்டால் கைக்கடிகாரம். 'பாத்துச் சொல்லு' என்றால் மூக்குக்கண்ணாடி. 'தயங்காம சொல்லு' என்றால் சாவி. 'ஐயாவுக்கு' என்று ஆரம்பித்தால் அவர் சட்டை வெள்ளை. 'அண்ணனுக்கு' என்றால் நீலம். 'சாருக்கு' என்றால் கட்டம் போட்டது. எண் வேண்டுமென்றால் உடுக்கையில் என் விரல் எத்தனை தடவை படுகிறது என்று எண்ணிக்கொள்வாள். இப்படி நூற்று நாற்பது கேள்விகள். கல்யாணமான புதிதில் அடுப்புக்கு முன்னால் உட்கார்ந்து, நான் கேட்கக் கேட்க இரண்டே மாதத்தில் மனப்பாடம் செய்தாள். பள்ளிக்கூடத்து வாசலை மிதிக்காதவள்.

போன வருஷம் சென்னையிலிருந்து வந்த ஒருத்தர், ஒயர் இல்லாமல் காதில் வைத்துப் பாட்டுக் கேட்கிறார்களே, அந்தச் சாமானை நீட்டினார். எங்களிடம் அதற்குக் கேள்வியே கிடையாது. எனக்கு வியர்த்துவிட்டது. 'காது குடுத்துக் கேட்டுச் சொல்லுமே' என்று சும்மா ஒரு கேள்வியைப் போட்டேன். போர்வைக்குள்ளிருந்து அவள் கொஞ்சங்கூட யோசிக்கவில்லை. "காதுல சொருவிக்கினு பாட்டுக் கேக்குற கொட்டை, வாத்தியாரே" என்றாள். கூட்டம் விழுந்து விழுந்து சிரித்தது. அந்த ஆள் என் காலைத் தொட்டுக் கும்பிட்டுவிட்டுப் போனார். கும்பிட வேண்டியது அவளை.

போர்வை கறுப்புக் கம்பளி. யாரும் தூக்கிப் பார்த்துவிடக் கூடாது என்று மூன்று மூலைக்குக் கல் வைப்பேன். நாலாவது மூலை தலைமாட்டுப் பக்கம். அதன்மேல் என் கால் இருக்கும். ஆட்டத்தின் பாதியில் அவள் கையைக் காலை உதற வேண்டும். "மூச்சு முட்டுது வாத்தியாரே, உயிரு போவுது வாத்தியாரே" என்று கத்த வேண்டும். காளி உயிரைப் பிடித்துக்கொண்டாள், காசு விழுந்தால்தான் விடுவாள் என்று நான் சொல்ல வேண்டும். கூட்டம் பயந்துபோய்ப் போடும். காசு விழுந்ததும் குறி கேட்பது. இவர் நினைத்த காரியம் நடக்குமா? நடக்கும். ஓடிப்போன பிள்ளை வருவானா? வருவான். கேட்பவன் மனசு குளிர்கிற பதிலைத்தான் சொல்ல வேண்டும். அது எங்கள் தொழிலில் சட்டம் மாதிரி. அதோடு முடியும். நான் போர்வையை எடுப்பேன், அவள் எழுந்து தலைமுடியை முடிந்துகொண்டு எல்லோருக்கும் கும்பிடு போடுவாள். ஒரு நாளைக்கு இரண்டு ஆட்டம் என்று வைத்தாலும், முப்பத்தெட்டு வருஷத்தில் எத்தனை தடவை அவளுக்கு உயிர் போய் வந்தது என்று நீங்களே கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள்.

எங்கள் பிழைப்பு சுகமான பிழைப்பு இல்லை. ஆனால் நல்ல பிழைப்பு. விடிந்ததும் அவள் கூழ் காய்ச்சுவாள். நான் மிளகு போட்ட வெந்நீரில் தொண்டையைக் கழுவுவேன். திங்கட்கிழமை பள்ளிப்பட்டு, வெள்ளிக்கிழமை கனகம்மாசத்திரத்தில் பஸ் நிற்கிற இடம், கிருத்திகைக்குக் கிருத்திகை இங்கே மலையடி. உடுக்கையும் பையும் நான் தூக்குவேன், போர்வை அவள் தோளில். பஸ்ஸில் கண்டக்டர்கூட எங்களைச் சேர்த்துத்தான் பார்ப்பார். அவள் இல்லாமல் நான் ஏறினால், "இன்னா பெரியவரே, பாதிதான் வந்துக்கீறே" என்பார்.

இரண்டு வருஷத்துக்கு முன்னால் அவளுக்கு இளைப்பு வந்தது. ராத்திரியெல்லாம் நெஞ்சுக்குள் விசில் ஊதினாற்போல் சத்தம். ஆஸ்பத்திரியில் வாயில் வைத்து உறிஞ்சுகிற மருந்து கொடுத்தார்கள். டாக்டரம்மா தெளிவாகச் சொன்னார்: "இனிமே போர்வைக்குள்ள படுக்கவே கூடாதும்மா. உயிருக்கு ஆபத்து." அப்போது நான் பக்கத்தில்தான் நின்றேன். அதையும் எழுதிக்கொள்ளுங்கள். நான் அக்கறையில்லாத ஆள் இல்லை. நாற்பது நிமிஷ ஆட்டத்தை இருபது நிமிஷமாகக் குறைத்தேன். அந்த மருந்துக் குப்பியை இடுப்பு மடிப்பில் செருகிக்கொண்டுதான் அவள் படுப்பாள். போர்வைக்குள் 'புஸ்' என்று சத்தம் கேட்டால், கூட்டத்துக்குக் கேட்காமல் நான் உடுக்கையை அடிப்பேன்.

பொங்கலுக்கு மறுநாள் ஹேமாவதி போன் செய்தாள். அவள் வாழ்க்கைப்பட்டது பொதட்டூர்பேட்டையில். வீட்டிலேயே தறி. "அம்மாவ அனுப்பி வை நைனா. இங்க ஒக்காந்து நூலு சுத்திக்கினு, டிவி பாத்துக்கினு இருக்கட்டும். நீயும் வந்துடு" என்றாள். நல்ல பெண், ஐயா. மனசாரத்தான் கூப்பிட்டாள். ஆனால் நான் அங்கே போய் என்ன செய்வது? தறிச் சத்தத்தில் நான் பேசுவது யாருக்கும் கேட்காது. நான் ஹேமாவதியிடம், "உங்கம்மாவுக்கு வர இஷ்டமில்லமா" என்றேன். பாஞ்சாலியிடம், "மாப்பிள்ளை வூட்டுல எடம் பத்தாதாம், அப்பறம் பாக்கலாம்னு சொல்றாங்க" என்றேன். போன் என்னிடம்தான் இருக்கும். இரண்டு பொய், இரண்டுமே சின்னது. அதைச் சொன்ன அன்றைக்கு அவள் எனக்கு முதுகைக் காட்டிப் படுத்து அழுதது தெரியும். மகளுக்கே நாம் வேண்டாமல் போய்விட்டோமே என்று அழுதாள். நான் முதுகைத் தடவிக் கொடுத்தேன்.

சித்திரையில் ஹேமாவதி நேரிலேயே வந்துவிட்டாள். அம்மாவும் மகளும் ஒருத்தரையொருத்தர் கட்டிக்கொண்டு, ஏன் வரமாட்டேன் என்றாய், ஏன் வேண்டாம் என்றாய் என்று கேட்டுக்கொண்டார்கள். பிறகு இரண்டு பேரும் திரும்பி என்னைப் பார்த்தார்கள். ஹேமாவதி கத்தினாள். பாஞ்சாலி கத்தவில்லை. மகள் பஸ் ஏறின பிறகு எனக்குச் சோறு போட்டு வைத்துவிட்டுச் சொன்னாள்:

"நீ கேட்டதுக்கெல்லாம் பதில் சொல்லிக்கினே என் காலம் போச்சு. இனிமே வூட்டுக்குள்ள உனக்குப் பதில் கெடையாது. நான் மவகிட்டப் போறேன்."

"ஆடிக் கிருத்திகை வரைக்குமாச்சும் இரு. வருசத்துக்கு ஒரு பெரிய கூட்டம். நீ இல்லன்னா நான் இன்னா பண்ணுவேன்?"

தலையை மட்டும் ஆட்டினாள். அன்றிலிருந்து வீட்டில் அவள் வாய் திறக்கவில்லை.

நீங்கள் வயதில் சின்னவர், உங்களுக்குப் புரியுமோ என்னவோ. ஒரே அறை வீடு. அதில் இரண்டு பேர். தட்டு வைக்கிற சத்தம், குடத்தில் தண்ணீர் மொள்கிற சத்தம், அவ்வளவுதான். பேசாவிட்டால் போகிறது, திட்டவாவது செய்யலாம் இல்லையா? அதுவும் இல்லை. மூன்றாம் நாள் பள்ளிப்பட்டில் ஆட்டம். போர்வைக்குள்ளிருந்து, "சொல்றேன் வாத்தியாரே" என்று அவள் குரல் வந்தபோது எனக்குக் கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. தூசு என்று சொல்லித் துடைத்துக்கொண்டேன். வீட்டில் பேசாதவள் போர்வைக்குள் பேசித்தான் ஆக வேண்டும். அது தொழில்.

அதற்குப் பிறகு நான் ஆட்டத்தைக் கூட்டினேன். வைகாசியில் ஒரு நாளைக்கு நாலு. ஆனியில் ஐந்து. காசுக்காக என்று அவள் நினைத்தாள். காசை நான் எண்ணிக்கூடப் பார்க்கவில்லை. குறி கேட்கிற நேரத்தில் ஊரார் கேள்வியோடு என் கேள்வியையும் சேர்த்துக்கொண்டேன்.

"இங்க ஒரு பெரியவர் நிக்கிறாரு. இன்னிக்கு அவரு வூட்டுல இன்னா கொழம்பு?"

"கருவாட்டுக் கொழம்பு, வாத்தியாரே."

"அவருக்கு முட்டி வலி எப்பத் தீரும்?"

"அலமாரில தைலம் கீது. எடுத்துத் தேச்சிக்கினாத் தீரும், வாத்தியாரே."

கூட்டம் சிரிக்கும். நானும் சிரிப்பேன். வீட்டுக்குப் போனால் கருவாட்டுக் குழம்பு இருக்கும், அலமாரியில் தைலம் இருக்கும். ஒரு வார்த்தை இருக்காது. எங்கள் குடும்பம் மூன்று மாதம் நடுத்தெருவில்தான் நடந்தது. ஐந்தாவது ஆட்டம் முடிந்து போர்வையை எடுக்கும்போது அவள் உதடு நீலமாக இருக்கும். அதைப் பார்த்தேன். பார்க்கவில்லை என்று சொல்ல வரவில்லை. நாளைக்குக் குறைத்துக்கொள்ளலாம் என்று ஒவ்வொரு நாளும் நினைத்தேன்.

கிருத்திகையன்று காலையில் அவள் பையைக் கட்டினாள். நாலு புடவை, ஒரு முருகன் படம், பேரப்பிள்ளைக்குப் பொரி உருண்டை. அருள்முருகன் பதினொரு மணிக்கே வந்துவிட்டான். வண்டியைப் போலீஸ்காரர்கள் தூரத்திலேயே நிறுத்திவிட்டதால் நடந்து வந்தான். "அத்தெ, நேரத்தோட கூட்டிகினு வரச் சொன்னா ஹேமா. ஒரு ஆட்டம் முடிஞ்சதும் கெளம்பிடலாம்" என்றான். பையை அவனிடம் கொடுக்கும்போது நான்தான் அந்த மருந்துக் குப்பியையும் எடுத்து அதில் போட்டேன். கடைசி நேரப் பரபரப்பில் மறந்துவிடப் போகிறாள் என்று போட்டேன். நல்ல எண்ணத்தில் செய்தது என்றுதான் இன்றைக்கும் நினைக்கிறேன்.

கூட்டம் என்றால் அப்படி ஒரு கூட்டம். நகரி, புத்தூர் பக்கமிருந்து வந்தவர்கள், மொட்டையடித்துச் சந்தனம் பூசியவர்கள், பூக்காவடிக்காரர்கள். எல்லோரும் மஞ்சள் துணி. சட்டை நிறம் சொல்வது அன்றைக்கு ரொம்பச் சுலபம். தார் ரோட்டில் கால் வைக்க முடியாது. கோணியை நனைத்துப் போட்டு அதன்மேல் அவளைப் படுக்கவைத்தேன். போர்வையைப் போர்த்தினேன். மூன்று கல். நாலாவது மூலையில் என் கால். அருள்முருகன் முன்வரிசையில் நின்று, பையைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, அத்தையின் கடைசி ஆட்டம், ஹேமாவுக்குக் காட்ட வேண்டும் என்று போனில் படம் பிடித்தான். அந்தப் படத்தைத்தான் நீங்களும் பார்த்தீர்கள்.

அன்றைக்கு மாதிரி அவள் என்றைக்கும் சொன்னதில்லை. ஒரு பிசகு இல்லை. பூட்டு, சீப்பு, இரண்டாக மடித்த பஸ் டிக்கெட், அதன் எண்கூடச் சொன்னாள். உயிர் போகிற கட்டமும் முடிந்தது. இருபது நிமிஷம் ஆகிவிட்டது. போர்வையை எடுக்க வேண்டியதுதான். எடுத்தால் அவள் எழுந்து கும்பிடு போட்டுவிட்டு மருமகன் பின்னால் நடந்துவிடுவாள். என்னிடம் ஒரு வார்த்தை சொல்லிக்கொள்ளாமல் போவாள். எனக்கு நன்றாகத் தெரியும். கை உடுக்கையை விட்டு வரவில்லை, ஐயா. நான் கேட்டேன்:

"இங்க ஒரு பெரியவர் நிக்கிறாரு. முப்பத்தெட்டு வருசம் கூட இருந்த சம்சாரம் அவர வுட்டுட்டுப் போறேன்னு சொல்லுது. போவாளா, இருப்பாளா?"

இருப்பாள் என்றுதான் சொல்ல வேண்டும். கேட்பவன் மனசு குளிர வேண்டும் என்பது தொழிலில் சட்டம். அவளோ உள்ளேயிருந்து "போவா" என்றாள்.

கூட்டம் கைதட்டிச் சிரித்தது. படத்தில் அருள்முருகன் சிரிக்கிற சத்தம்தான் பெரிதாகக் கேட்கும். நான் மறுபடியும் கேட்டேன். மறுபடியும் சொன்னாள். நான் கேட்கக் கேட்க அவள் சொல்லிக்கொண்டே இருந்தாள், காலை உதறினாள், கூட்டம் காசு போட்டது. ஏழு தடவை. பிறகு பதில் இல்லை. போர்வையை எடுத்தேன். அதன் பிறகு நடந்ததை எழுதியிருக்கிறீர்கள்.

இதுதான் ஊருக்குத் தெரிந்த கதை. அவள் தன் சாவைத் தானே குறி சொல்லிவிட்டுப் போனாள் என்று பேசுகிறார்கள். அந்த இடத்தில் யாரோ கற்பூரம்கூட ஏற்றியிருந்தார்கள். என் மகள் அப்படி நினைக்கவில்லை. காரியம் முடிந்த நாளிலிருந்து அந்தப் படத்தைப் போட்டுப் போட்டுக் கேட்கிறாள். "பாரு நைனா, போவா, போவான்னு எத்தினி வாட்டி சொல்லுது. என்கிட்ட வர்றதுக்கு அவ்ளோ ஆசை. நான் கூப்பிடாம இருந்திருந்தா, இப்பிடிப் பரபரத்துக்கினு கெடந்து செத்திருக்காது" என்கிறாள். சோறு இறங்கவில்லை அவளுக்கு. கைப்பிள்ளை அழுவதுகூடக் காதில் விழவில்லை. நேற்று என்னைப் பார்த்து, "நீ இன்னா பண்ணுவே நைனா, உன் மேல தப்பு இல்ல" என்றாள். அதனால்தான் காலையில் முதல் பஸ்ஸில் வந்தேன்.

உங்கள் போனில் அந்தப் படம் இருந்தால் போடுங்கள். சத்தத்தைக் கூட்டுங்கள். இதோ, முதலில் வருகிறது பாருங்கள், அது போவா. அவள் சொன்ன உண்மையான பதில். அதற்குப் பிறகு அவள் சொன்ன ஆறும் அது இல்லை. நான் போவாளா என்று கேட்டதால் எல்லோர் காதிலும் போவா என்று விழுந்தது. உங்கள் காதிலும் அப்படித்தான் விழுந்தது. கம்பளிக்குள்ளிருந்து, நாக்கு வறண்டு வருகிற சத்தம். தப்பு சொல்ல முடியாது. அவள் சொன்னது பாவா.

எங்கள் வீட்டில் பாதி தெலுங்கு, பாதி தமிழ். அவள் என் தாய்மாமன் மகள். சின்னப் பிள்ளையிலிருந்தே என்னைப் பாவா என்றுதான் கூப்பிடுவாள். முறைமாப்பிள்ளையை அப்படிக் கூப்பிடுவது எங்கள் பக்கத்துப் பழக்கம். கல்யாணமான பிறகும் அதே. கிணற்றடியிலிருந்து பாவா, அடுப்படியிலிருந்து பாவா. அந்தச் சத்தத்தைக் கேட்கவே ஒன்றும் தெரியாதவன் மாதிரி திரும்பாமல் உட்கார்ந்திருப்பேன். முதல் வருஷம் நகரிச் சந்தையில் போர்வைக்குள் தேள் புகுந்து அவள் தோளில் கொட்டிவிட்டது. "ஐயோ, உயிரு போவுது" என்று கத்தினாள். உதறினாள். கூட்டம் காசு போட்டது. நானும் ஆட்டம் என்று நினைத்து உடுக்கையை அடித்தேன். வீட்டுக்கு வந்ததும் என்னைக் கன்னத்தில் அறைந்தாள். வலிக்கிறது என்று சொல்ல நினைத்தால் அதுவும் ஆட்டம். சாகிறேன் என்றால் அதுவும் ஆட்டம். நிஜமாகவே ஏதாவது ஆனால் எந்த வார்த்தையைச் சொல்வது? போர்வைக்குள் சொல்லாத வார்த்தை ஒன்றுதான் மிச்சம் இருந்தது. பாவா என்று கூப்பிட்டால் நான் அந்த நொடியே காலை எடுத்துப் போர்வையை இழுத்துவிட வேண்டும். அப்படிப் பேசி வைத்தோம்.

அன்றிலிருந்து வீட்டிலும் அதை நிறுத்திவிட்டாள். நான் கெஞ்சிக்கூடப் பார்த்தேன். "வெளையாட்டுக்குச் சொல்லிச் சொல்லிக் கெடுத்துக்கினா அவசரத்துக்கு ஒதவாது" என்றாள். பிரசவத்தில் துடித்தபோது சொல்லவில்லை. அவள் அம்மா செத்தபோது என் மேல் சாய்ந்துதான் அழுதாள், அப்போதும் சொல்லவில்லை. முப்பத்தேழு வருஷம் நான் அவளுக்கு வெளியில் வாத்தியார், வீட்டில் 'இந்தா'. ஹேமாவதிக்கே அந்த வார்த்தை தெரியாது.

முதல் பதில் போவா என்று வந்ததும் எனக்கு உலகம் இருண்டுவிட்டது. அவமானம் இல்லை, ஐயா, துக்கம். இருப்பாள் என்று பொய்யாவது சொல்லக் கூடாதா என்றுதான் இரண்டாம் தடவை கேட்டேன். உள்ளேயிருந்து, "பாவா" என்று வந்தது.

எனக்குத் தெளிவாகக் கேட்டது. என்ன அர்த்தம் என்றும் தெரியும். இடுப்பு மடிப்பில் மருந்து இல்லை என்றும் தெரியும். கால் போர்வைமேல் இருந்தது. எடுத்தால் அவள் எழுந்து போய்விடுவாள். அந்தக் குரல் மறுபடி கேட்காது. பத்தொன்பது வயதில் கிணற்றடியில் கூப்பிட்ட அதே குரல். கொஞ்சம்கூட மாறவில்லை. "சரியாக் கேக்கல, இன்னொரு வாட்டி சொல்லு" என்றேன். சொன்னாள்.

மூன்றாவது தடவை சொன்னபோது, முன்னால் நின்றிருந்த நகரிப் பக்கத்து அம்மாள் ஒருத்தர், மொட்டைத் தலையில் சந்தனம், என்னைப் பார்த்து, "ஏமய்யா, நின்னே பிலுஸ்தோந்தி" என்றார். உன்னைத்தான் கூப்பிடுகிறாள் என்று அர்த்தம். கூட்டத்தில் அவர் ஒருத்தருக்குத்தான் சரியாகக் கேட்டிருக்கிறது. அவரைத் தேடி அலைய வேண்டாம், நானே சொல்கிறேன். "அதி ஆட்டலோ பாகமம்மா" என்று பதில் சொன்னேன். ஆட்டத்தில் ஒரு பாகம் என்று. அவர் தலையாட்டிவிட்டு ஒரு ரூபாய் போட்டார்.

போர்வையின் ஓரத்தில் அவள் விரல்கள் வெளியே வந்தன. என் கால் பெருவிரலைப் பிடித்துக்கொண்டன. தள்ளவில்லை. பிடித்துக்கொண்டன. நான் பாரத்தை மாற்றி இன்னும் அழுத்தி நின்றேன். நாலாவது தடவை. ஐந்தாவது தடவை குரல் இறங்கிவிட்டது. குனிந்து காதை வைத்துக் கேட்டேன். ஆறாவதைப் படத்தில் நீங்கள் கேட்க முடியாது. எனக்கு மட்டும்தான் கேட்டது. அதோடு சேர்த்துத்தான் ஏழு பதில் என்று சொன்னேன். இன்னும் ஒரு தடவை சொல்வாள் என்று காத்திருந்தேன். கைவிரல் விட்ட பிறகும் கொஞ்ச நேரம் காத்திருந்தேன்.

வெயில் என்று எழுதியதை அடித்துவிடுங்கள். தெரிந்தே செய்தேன் என்று எழுதுங்கள். கையெழுத்து வராது, கைநாட்டு எடுத்துக்கொள்ளுங்கள். எனக்காக நீங்கள் ஒன்று மட்டும் செய்தால் போதும். ஹேமாவதியிடம் நீங்களே போன் போட்டுச் சொல்லுங்கள். நான் சொன்னால் நம்ப மாட்டாள். உன் அம்மா கடைசியில் உன்னிடம் வர வேண்டும் என்று தவிக்கவில்லை, உன் நைனாவைத்தான் வாய் நிறையக் கூப்பிட்டாள், புருஷன் பெண்டாட்டிக்குள் இருந்த வருத்தமெல்லாம் அந்தப் போர்வைக்குள்ளேயே தீர்ந்துவிட்டது, நீ சாப்பிடு என்று சொல்லுங்கள்.